மாறாத கிராமம்

பிறநாடு சென்று மீண்டோர் எழுதும் கட்டுரைகளுட் பெரும்பாலானவை, அவர்கள் அங்குக் கண்டவற்றைக் காட்டிலும் காணச் சென்றவற்றையே நமக்குக் கூறுவன. எதனைத் தேடி ஒருவன் புறப்படுகிறானோ அதனையே கண்டு மீள்கிறான். எஞ்சியது அவன் கண்ணிற் படுவதில்லை. பிறருடைய எழுத்துக்களில் இக்குறையினைப் பலமுறை சுட்டிக்காட்டியிருக்கிறேன். என்னிடத்திலும் அஃது உண்டென்பதை உணர்வதற்கு, கம்போடிய நாட்டிலே பனங்கட்டி காய்ச்சும் மூதாட்டி ஒருவரின் அடுப்படியில் ஒரு முற்பகற்பொழுது நிற்கவேண்டியிருந்தது.

2024ஆம் ஆண்டு சனவரி மாதத்தில், கருத்தரங்கு ஒன்றின் பொருட்டு நொம்பென் நகருக்குச் சென்றிருந்தேன். அலுவல் முடிந்ததும், அவ்வளவு தூரம் சென்ற எவரும் செய்வதுபோலச் சியம் ரீப்புக்குப் பயணமானேன். முதலிரு நாள்களும் அங்கோர்க் கோயில்களிற் கழிந்தன. கையில் ஒரு குறிப்பேடு இருந்தது. தென்கிழக்காசியாவிலே தமிழ்ப் பண்பாட்டின் தடங்களை ஆராய்ந்த தனிநாயகம் அடிகளின் எழுத்துக்களைப் படித்து வளர்ந்தவர்களுள் நானும் ஒருவன். ஆதலால் குறிப்பேட்டின் முதற்பக்கத்தில் ‘நமது சுவடுகள்’ எனத் தலைப்பிட்டிருந்தேன். கெமர் எழுத்து பல்லவ எழுத்திலிருந்து கிளைத்தது. காலங்குறித்த கெமர்மொழிச் சாசனங்களுள் மிகப் பழையது கி.பி. 611ஆம் ஆண்டைச் சேர்ந்தது. சூரியவர்மன், சயவர்மன் என்னும் பெயர்களின் ஈறு காஞ்சியிலும் வழங்கியது. 12ஆம் நூற்றாண்டின் இறுதியில் இலங்கைக்கு வந்து துறவறம் பயின்ற பிக்குகளுள் கம்போச மன்னன் மகனாகிய தாமலிந்தரும் ஒருவர் எனப் பர்மாவின் கல்யாணிச் சாசனம் கூறுகிறது. இவை யாவும் அக்குறிப்பேட்டில் வரிசையாக ஏறியிருந்தன. இவற்றுள் எதுவும் பொய்யன்று. ஆயினும் மெய்யான செய்திகளைக் கொண்டும் ஒருவன் தன் கண்களைக் கட்டிக்கொள்ளலாம்.

மூன்றாம் நாளுக்கென எதனையும் திட்டமிட்டிருக்கவில்லை. விடுதியின் முன்மேசையில் ஒரு துண்டுப்பிரசுரம் கிடந்தது. ‘கெமர் பண்பாடும் கிராம வாழ்வும்: வழிகாட்டியுடன் ஒரு நாள்’ என்பது அதன் தலைப்பு. நூற்றாண்டுகளாக மாறாதிருக்கும் வாழ்க்கையை நேரிற் காணலாம் என அது உறுதி கூறிற்று. கற்களை இரண்டு நாள் பார்த்தாயிற்று, மனிதரையும் பார்க்கலாமே எனக் கருதிப் பணத்தைச் செலுத்தினேன்.

மறுநாட் காலை ஏழு மணிக்கு வான் வந்தது. பிரெஞ்சுத் தம்பதியர் இருவர், கொரிய மாணவியர் மூவர், நான் என அறுவர் இருந்தோம். வழிகாட்டிக்கு நாற்பது வயதளவில் இருக்கும். கைகளைக் கூப்பி வணங்கும் முறையினை முதலிற் கற்பித்தார். நண்பருக்கு நெஞ்சளவிலும், மூத்தோருக்கு அதனின் உயரத்திலும், பெற்றோருக்கும் ஆசிரியருக்கும் மேலும் உயரத்திலும், பிக்குகளுக்கு இன்னும் மேலாகவும் கைகளைக் கூப்புதல் வேண்டும். அந்நியரையும் உறவுமுறை சொல்லியே அழைப்பது அங்கு வழக்கம். சற்று மூத்தவர் ‘போங்’. பாட்டி முறையினர் ‘யெய்’. நான் பல்கலைக்கழகத்திற் கற்பிப்பவன் என அறிந்ததும் என்னை மட்டும் ‘லோக் க்ரூ’ என அழைக்கலானார். ஆசிரியரை அழைக்கும் சொல் அது. ‘க்ரூ’ என்பது ‘குரு’ என்னும் வடசொல்லே. உடனே அதனையும் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டேன்.

முதலிற் பாயோன் கோயிலுக்குச் சென்றோம். ஏழாம் சயவர்மன் காலத்தது அது. அதன் வெளிச்சுற்றுச் சுவர்களிலே மன்னருக்கும் தேவருக்கும் இடையே பொதுமக்கள் வாழ்வு செதுக்கப்பட்டிருக்கிறது. சந்தையில் இருந்து விற்கும் பெண்கள், சேவற்போர் பார்ப்போர், அடுப்பில் உலையேற்றுவோர், மகப்பேற்று வேதனையில் இருக்கும் ஒரு பெண், படையின் பின்னே செல்லும் மாட்டு வண்டிகள் எனப் பலவற்றைக் கண்டோம். 1296ஆம் ஆண்டில் இந்நகருக்கு வந்து ஏறத்தாழ ஓராண்டு தங்கிய சூ தாகுவான் என்னும் சீனத் தூதுக்குழுவினரும் இங்கு வணிகம் செய்வோர் பெண்களே என எழுதிவைத்தார். வழிகாட்டி சுவரிலிருந்த வண்டியைச் சுட்டி, “இன்னும் ஒரு மணி நேரத்தில் இவ்வண்டியில் நீங்கள் ஏறுவீர்கள், எண்ணூறு ஆண்டுகளாக மாறவில்லை” என்றார். அனைவரும் மகிழ்ந்தோம்.

அவ்வாறே ஒரு கிராமத்து முகப்பில் மூன்று வண்டிகள் காத்திருந்தன. வளைந்து மேலெழுந்த ஏர்க்காலும் உயர்ந்த சில்லும் சுவரிற் கண்டவற்றையே ஒத்திருந்தன. வயல்வரம்போரமாக அரைமணி நேரம் சென்றோம். இறங்கிய பின்னர், மறந்துவந்த குடையினை எடுப்பதற்காக நான் மட்டும் திரும்பிச் சென்றேன். வண்டிக்காரர் மாடுகளை நிழலிற் கட்டிவிட்டு, வீட்டின் பின்புறத்திலிருந்து நாம் லாண்ட்மாஸ்டர் எனக் கூறும் இருசில்லு உழவுயந்திரம் ஒன்றினை இயக்கி வெளியே கொண்டுவந்தார். அதிலே நெல்மூடைகள் ஏற்றப்பட்டிருந்தன. என்னைக் கண்டதும், களவிற் பிடிபட்டவர்போலச் சிரித்தார். நானும் சிரித்தேன். ஆனால் மனத்தினுள்ளே ஒரு சிறு ஏமாற்றம் எழுந்ததை மறைக்க விரும்பவில்லை. மூடைகளை இயந்திரத்தில் ஏற்றிச் செல்லும் உரிமையினை, அரைநாள் விருந்தினனாகிய நான் அக்கணத்தில் அவருக்கு வழங்க ஆயத்தமாயிருக்கவில்லை.

அடுத்து நாங்கள் சென்ற இடம் பண்டே சிரே கோயிலுக்குச் செல்லும் வீதியிலுள்ள பிரியா டாக் என்னும் ஊர். பனங்கட்டிக்குப் பெயர்பெற்றது. வீதியோரத்து வீடுகளின் முன்னே வரிசையாக அடுப்புகள் எரிந்தன. யாழ்ப்பாணத்துக் கிராமம் ஒன்றிற் பிறந்த எனக்கு அந்த மணம் எத்தகையது என்பதைக் கூறவேண்டியதில்லை. அங்குள்ளதும் நம்முடைய பனையே, அதே இனம். ஆனால் தொழின்முறை சிற்சில இடங்களில் வேறுபடுகிறது. நம்மவர் தளநார் இட்டு ஏறுவர். அவர்கள் கணுக்கள் விட்டு நறுக்கிய மூங்கிலை மரத்தோடு சேர்த்துக்கட்டி அதில் ஏறுகின்றனர். நாம் முட்டி கட்டுவோம். அவர்கள் மூங்கிற் குழாயைக் கட்டுகின்றனர். கருப்பநீர் புளியாதிருக்க நாம் சுண்ணாம்பு பூசுவோம். அவர்கள் ஒருவகை மரத்தின் சிராய்களை இடுகின்றனர். காய்ச்சிய பாகினைச் சிறு வட்டங்களாக வார்த்து, ஆறியபின் பனையோலையிற் சுற்றிக் கட்டுகின்றனர். ஓலைப்பொதியைக் கண்டதும் குட்டானை நினைத்தேன். குறிப்பேட்டில் ‘நமது பனை’ எனப் பெரிதாக எழுதினேன்.

நாங்கள் நின்ற அடுப்படியில் ஒரு மூதாட்டி பெருந்தாச்சியில் பாகினைத் துழாவிக்கொண்டிருந்தார். தலையிற் கட்டமிட்ட ‘க்ரமா’த் துண்டு. வழிகாட்டி அவரை ‘யெய்’ என அழைத்து எங்களை அறிமுகஞ் செய்தார். என்னைக் காட்டி ‘லோக் க்ரூ’ என்றபோது மாத்திரம் அவர் நிமிர்ந்து பார்த்தார். நான் எல்லாப் பயணிகளும் கேட்கும் கேள்வியையே கேட்டேன்: “இத்தொழிலை எத்தனை தலைமுறையாகச் செய்துவருகிறீர்கள்?”

அவர் நெடுநேரம் பேசினார். துடுப்பு நிற்கவில்லை, குரலும் உயரவில்லை. முடித்ததும் வழிகாட்டி எங்களை நோக்கி, “பல தலைமுறைகளாக என்கிறார்” என்றார்.

“அவர் கூறியது இதனினும் அதிகமாயிற்றே” என்றேன்.

வழிகாட்டி சற்றுத் தயங்கினார். “அது எங்கள் நிகழ்ச்சிநிரலில் இல்லாதது, லோக் க்ரூ” என்றார். பின்னர் மூதாட்டியிடம் ஏதோ கேட்டு, அவர் தலையசைத்தபின் சொல்லத் தொடங்கினார்.

அவர் பிறந்தது பட்டம்பாங் நகரில். தந்தையார் பாடசாலை ஆசிரியர். வீட்டில் எவரும் பனை ஏறியதுமில்லை, பனங்கட்டி காய்ச்சியதுமில்லை. கடையில் வாங்கித் தின்றவர்கள். 1975ஆம் ஆண்டு ஏப்பிரிலில் கெமர் ரூஜ் படையினர் ஆட்சியைக் கைப்பற்றி நகரத்தவரை வெளியேற்றியபோது அவருக்குப் பதினேழு வயது. தந்தையாரை முதலாண்டிலேயே ஒருநாள் மாலை அழைத்துச் சென்றனர், அவர் மீளவில்லை. அவ்வூரார் அவரையும் ‘லோக் க்ரூ’ என்றே அழைப்பார்களாம். அவ்வாண்டுகளில் அச்சொல்லுக்கு உரியவர் என்பதை மறைத்தவர்களே பிழைத்தார்கள். இவர் இளையோருக்கான நடமாடும் வேலைப்படையிற் சேர்க்கப்பட்டு வாய்க்கால் வெட்டினார். 1979ஆம் ஆண்டு சனவரியில் அவ்வாட்சி வீழ்ந்ததும் ஊருக்கு நடந்தார்; வீட்டார் எவரும் இலர். தாயாரின் உறவினர் சியம் ரீப் பக்கம் இருப்பதாகக் கேள்விப்பட்டு இங்கு வந்தார், அவர்களும் இலர். பசித்து நின்றபோது ஒரு வீட்டிற் குடிக்கக் கருப்பநீர் கொடுத்தார்கள். அவ்வீட்டு மகன் பனை ஏறுபவர், தாய் காய்ச்சுபவர். அங்கேயே தங்கினார். அந்த மகனையே மணந்தார். மாமியாரிடம் தொழில் பயின்றார். முதலாண்டு காய்ச்சியதெல்லாம் கருகிப்போனதாம்.

“எத்தனை தலைமுறை எனக் கேட்கிறார். என்னளவில் நான்தான் முதலாவது தலைமுறை எனச் சொல்லு” என்று மூதாட்டி கூறியதாக வழிகாட்டி முடித்தார்.

நாங்கள் அறுவரும் ஒன்றும் பேசவில்லை. அப்போது அவர் என்னிடம் திருப்பி ஒரு கேள்வி கேட்டார். “உங்கள் நாட்டிலும் இந்த மரம் உண்டா?”

“உண்டு” என்றேன். “எங்கள் வளவிலேயே நின்றன.”

“அவற்றில் யார் ஏறுவார்கள்?”

எளிய கேள்விதான். என்னால் மறுமொழி கூற இயலவில்லை. போர்க்காலத்திலே பதுங்குகுழிகளுக்காகத் தறிக்கப்பட்ட பனைகளைப் பற்றிச் சொல்லியிருக்கலாம், 1995ஆம் ஆண்டு ஒக்ரோபர் இறுதியிலே குடாநாட்டு மக்கள் இலட்சக்கணக்கில் வீடுகளை விட்டுப் புறப்பட்டதைச் சொல்லியிருக்கலாம், அவர் விளங்கிக்கொண்டிருப்பார். ஆனால் அவர் கேட்டது அதுவன்று. எங்கள் வளவிற் பனை ஏறியவர் யார்? அவருடைய முகம் எனக்கு நினைவிருக்கிறது. விடியுமுன் வருவார். அவர் மனைவி எங்கள் வளவின் மூலையிலேயே காய்ச்சுவார். காய்ச்சியது எங்கள் வீட்டினுள்ளே வந்தது, அவர்கள் வந்ததில்லை. எங்கள் கிணற்றில் அவர்கள் தாமாக நீர் அள்ள இயலாதிருந்த காலத்தைச் சிறுவனாக நான் கண்டிருக்கிறேன். ‘நமது பனை’ என எழுதியபோது ‘நமது’ என்னும் சொல்லினுள் அவர்கள் இருந்தார்களா? இக்கேள்வி அதற்குமுன் எனக்குத் தோன்றவில்லை என்பதே உண்மை. “முன்னர் ஒருவர் ஏறினார்; இப்போது எவருமில்லை” எனக் கூறி நிறுத்தினேன். அவர் தலையசைத்துவிட்டு, தம் மகன் ஏறுகிறார் என்றும், பேரன் விடுதியொன்றில் வேலை செய்கிறான், அவன் ஏறமாட்டான் என்றும் சொன்னார்.

மதிய உணவு அவ்வீட்டின் கீழேயே அமைந்தது. கால்கள்மீது உயர்த்திக் கட்டப்பட்ட வீடுகளின் அடிப்புறமே அங்குப் பகற்பொழுதில் வாழுமிடம். அரிசிமாவைத் துளைகளூடே கொதிநீரில் பிழிந்தெடுக்கும் ‘நும் பன்ச்சொக்’ என்னும் உணவை, மீன் சேர்த்த பச்சைநிறக் குழம்புடன் பரிமாறினர். இடியப்பத்துடன் ஒப்பிட்டு எழுதப் பேனாவை எடுத்தேன், எழுதவில்லை. அவ்வடுப்பையே பார்த்துக்கொண்டிருந்தேன். கெமர் ரூஜ் ஆட்சியில் எல்லோரும் பொதுக்கூடத்திலேயே உண்ணல்வேண்டும் என ஆக்கப்பட்டு, வீட்டில் தனியே உலைவைப்பது குற்றமாயிருந்தது என்பதைப் படித்திருக்கிறேன். அவ்வாட்சியின் மூன்று ஆண்டுகளும் எட்டு மாதங்களும் சில நாள்களும் கொண்ட காலத்தில் இறந்தோர் தொகை 15 இலட்சம் முதல் 20 இலட்சம் வரை என மதிப்பிடப்படுகிறது. நாட்டு மக்களுள் நால்வருள் அல்லது ஐவருள் ஒருவர். அக்கொடுமைகளைச் செய்தோர் கொண்டிருந்த கருத்துக்களுள் ஒன்று இங்குச் சிந்திக்கற்பாலது. நகரம் கறைபட்டது, கிராமமே தூயது என்பது அது. சந்தையும் நாணயமும் பாடசாலையும் விகாரையும் இல்லாத தூய கிராமம் ஒன்றினை அவர்கள் ஆக்க முயன்றார்கள்.

இவ்விடத்தில் என் துண்டுப்பிரசுரம் நினைவுக்கு வந்தது. சுற்றுலா நிறுவனத்தாரையும் கொலைஞரையும் ஒருதட்டில் வைப்பதாக எவரும் கருதிவிடலாகாது, முன்னவர் தீங்கறியாதவர், தம் பிழைப்பைப் பார்ப்பவர். எனினும், நகரத்தின் நிழல் படாத, காலம் தீண்டாத கிராமம் ஒன்று எங்கோ இருத்தல் வேண்டும் என விரும்பும் மனம் என்னுடையது. அவ்விருப்பம் எப்போதும் குற்றமற்றது எனக் கூறுவதற்கு அந்நாட்டின் மண் இடந்தருவதாயில்லை. உழவுயந்திரத்தைக் கண்டு ஏமாந்த என் நெஞ்சினை அப்போது வேறுவிதமாக நோக்கினேன்.

பிற்பகலில் ஊர்ச் சாவடி ஒன்றிலே சிறுமியர் பயிலும் கெமர் நடனத்தைப் பார்த்தோம். விரல்களைப் பின்னோக்கி வளைத்து, ஒவ்வொரு நிலையிலும் நெடுநேரம் நின்று பழகினர். ஆசிரியை ஒரு சிறுமியின் விரலினை மெல்ல அழுத்திச் சரிசெய்துவிட்டு, அப்பாற் சென்று பார்த்து, மீண்டும் வந்து அழுத்தினார். அரண்மனையைச் சார்ந்து வளர்ந்த இந்நடனத்தில் வல்லவருட் பெரும்பாலோர் அவ்வாட்சிக் காலத்தில் மாண்டனர். எஞ்சிய சிலர் 1979க்குப் பின்னர் நொம்பெனில் ஒன்றுகூடி, தம் உடல்கள் மறவாதிருந்த அசைவுகளை ஒவ்வொன்றாக மீட்டெடுத்தனர். அவர்களுள் முதன்மையானவர் சியா சாமி என்னும் அம்மையார். அவருடைய கணவரின் தம்பியே போல் பொட் என்பது வரலாற்றின் கொடிய முரண். யுனெஸ்கோ நிறுவனம் இக்கலையை 2003ஆம் ஆண்டில் மானிடத்தின் அரும்பெருஞ் செல்வங்களுள் ஒன்றாக அறிவித்தது. அறிவிப்பினைப் படிப்போர் பழமையை எண்ணுவர். நான் கண்டது அந்த விரலை இரண்டாம் முறை அழுத்திய கையினை.

திரும்பும் வழியிற் சாலையோரத்தே ஆங்காங்கு வெற்று நிலங்கள் தெரிந்தன. முன்னர் அங்கு வீடுகளும் கடைகளும் இருந்தன என்று மட்டும் வழிகாட்டி சொன்னார். அங்கோர்த் தொல்லியற் பூங்காவினுள்ளே நூற்றுக்கு மேற்பட்ட கிராமங்கள் உள்ளன. 2022ஆம் ஆண்டு முதல் அப்பகுதியிலிருந்து ஏறத்தாழ 10,000 குடும்பங்களைத் தொலைவிலுள்ள ருன் தா எக் முதலிய இடங்களுக்கு மாற்றும் பணி நடைபெற்றது. பழம்பொருளைக் காப்பதற்காக மக்கள் தாமே விரும்பிச் செல்கின்றனர் என்றது அரசு. கட்டாய வெளியேற்றம் என்றது 2023ஆம் ஆண்டில் வெளிவந்த சர்வதேச மன்னிப்புச் சபையின் அறிக்கை. ஊர் திரும்பியபின் அவ்வறிக்கையினைப் படித்தேன். கிராமத்தைக் காட்டிப் பணம் பெறும் அதே நிலத்திலே கிராமத்தவர் இருப்பது இடையூறாகிவிடுகிறது. மாறாததைக் காக்க விரும்புவோர், மாறிக்கொண்டே வாழும் மனிதரை என்ன செய்வது என்பதை முதலில் தீர்மானித்தாக வேண்டும்.

ஆகவே அன்று நான் கண்டது மாறாத கிராமமன்று. முற்றாக உடைந்து, எஞ்சியோரால் மீண்டும் கட்டப்பட்ட கிராமம். அவ்வீடு, அவ்வடுப்பு, அந்நடனம் ஆகிய ஒவ்வொன்றும் பழமையால் தானாக நின்றதன்று. ஒருவர் மற்றொருவரிடம் கேட்டுக் கற்று, கருகவிட்டு, மறுபடியும் காய்ச்சியதால் நிற்பது. ‘நூற்றாண்டுகளாக மாறாதது’ எனக் கூறும்போது நாம் அதனைப் பாராட்டுவதாக எண்ணுகிறோம். அவ்வாறு கூறி, அதனைச் செய்தவரின் உழைப்பினைக் கணக்கிலிருந்து நீக்கிவிடுகிறோம். ‘நமது’ எனக் கூறும்போதும் பலவேளைகளில் அதனையே செய்கிறோம்.

புறப்படும்போது மூதாட்டியிடம் இரண்டு ஓலைப்பொதிகள் வாங்கியிருந்தேன். ஊர் வந்ததும் ஒன்றினை என் தாயாரிடம் கொடுத்தேன். அவருக்கு எண்பத்துநான்கு வயது. ஒரு துண்டை நாவில் இட்டுச் சற்றுநேரம் பொறுத்து, “இது எங்கட பனங்கட்டி இல்லை” என்றார். பின்னர், “ஆனால் நல்லாய்க் காய்ச்சியிருக்கினம். ஆர் காய்ச்சினது?” எனக் கேட்டார்.

எங்கள் வளவின் மூலையிற் காய்ச்சிய பனங்கட்டியைப் பற்றி அக்கேள்வியினை எங்கள் வீட்டில் எவரும் கேட்டதாக எனக்கு நினைவில்லை. அருகே அமர்ந்து, பட்டம்பாங்கிலிருந்து தொடங்கிச் சொன்னேன். கேட்டு முடித்ததும் அம்மா நெடுநேரம் பேசாதிருந்தார். பிறகு, எங்கள் வளவில் ஏறியவரின் மனைவியின் பெயரைத் தாமாகவே சொன்னார். அன்றுதான் அப்பெயரை நான் அறிந்துகொண்டேன்.